இஸ்கூல் ரோடு

“பேசறதுக்கு இந்த ஊர்ல ஒரு ஆள் இல்லைன்னு தினமும் புலம்பறே. இருக்கிற ஒரே ஆளையும் நீ பேச விடறதில்லை.” சொன்னவர் காலை ஒன்பதரைக்கே வண்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டார். சொன்னது மட்டும் போகாமல் மத்தியானம் ஒன்றே முக்கால் வரைக்கும் அடுக்களையிலேயே நின்றது, குக்கர் அடியில் பிடித்துக்கொண்ட பருப்பு மாதிரி. அதைத்தான் மனோன்மணி கம்பி நாரால் தேய்த்துக்கொண்டிருந்தாள். நானா? நானா பேச விடறதில்லை? ஒரு பேச்சை எடுத்தால் முடிப்பதற்குள் ரெண்டு தரம் கனைத்து, மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வேட்டி நுனியில், இங்கே வேட்டி ஏது, பனியன் நுனியில் துடைத்து, ‘அதாவது என்னன்னா’ என்று மறுபடி முதலிலிருந்து ஆரம்பிக்கிற மனிதரிடம், கடுகு கருகக் கருக எந்தப் பொம்பளை நின்று காது கொடுப்பாள்? முப்பது வருஷம் கொடுத்தேனே, அந்தக் காதுக்கு யாராவது ஒரு மாலை போட்டார்களா? நல்ல பதில். காலையில் இது வந்திருக்கக் கூடாதோ. காலையில் வந்ததெல்லாம் வேறு. தட்டில் மூன்றாவது தோசையை வைக்கும்போது அவர் ஆரம்பித்தார்: “இன்னிக்கு வடக்கு பம்ப் ஹவுஸ் முறை. மெயின் ரோட்டுல பனி குவிஞ்சு கெடக்காம். அதனால நான் அந்தப் பழைய ஸ்—” அவ்வளவுதான். “பழைய சட்னியா? அதெல்லாம் நேத்தே கொட்டியாச்சு. இருக்கிறதைத் தொட்டுக்கிட்டுச் சாப்பிடுங்க.” அவர் கையைத் தட்டிலேயே வைத்துக்கொண்டு அவளை நிமிர்ந்து பார்த்தார். கோபமாகப் பார்த்திருந்தால் பரவாயில்லை. தூரத்தில் நிற்கிற ஒருத்தியை யாரென்று அடையாளம் பார்ப்பதுபோல் பார்த்தார். அப்புறம்தான் அந்த வார்த்தை. பன்னிரண்டரைக்கு இலை போட்டாக வேண்டும் என்று நாற்காலியில் வந்து உட்கார்கிற ஆள். திருச்சியிலும் பன்னிரண்டரை, இங்கேயும் பன்னிரண்டரை. கடிகாரத்துக்கு அவரைப் பார்த்துத்தான் சாவி கொடுக்க வேண்டும். ஒன்றே முக்கால். ரசம் ஆறிவிட்டது. கோபம் என்றால் கோபம், சோற்றின் மேல் என்ன கோபம்? சாப்பாட்டு நேரத்துக்கு வராமல் பழிவாங்குகிற அளவுக்குச் சிதம்பரநாதனுக்குத் துணிச்சல் கிடையாது. அப்படியானால். அந்த ‘அப்படியானாலை’ அவள் நாரோடு சேர்த்துத் தொட்டியில் போட்டுவிட்டுக் கையைத் துடைத்தாள்.

ஜன்னலில் பதினொரு மணி வரைக்கும் எல்லாம் இருந்தது. எதிர்ப்பக்கத்து நிலத்தில் வரிசையாக நிற்கிற தகரத் தானியக் குதிர்கள், பிறகு கல் பாவிய ரோடு, தபால் பெட்டி, வாசலுக்கு நேரே வண்டிக்கு மின்சாரம் செருகுகிற கட்டைக் கம்பம். ராத்திரி முழுக்க என்ஜினுக்குச் சூடு கொடுக்காவிட்டால் இந்தக் குளிரில் காலையில் வண்டி உயிர் விட்டிருக்கும், பசுமாட்டுக்குப் புல் போடுகிற மாதிரி வண்டிக்கு மின்சாரம் போட வேண்டிய ஊர். பன்னிரண்டு மணிக்குத் தரையோடு தரையாக வெள்ளையாய் ஏதோ ஓடத் தொடங்கியது. வானத்திலிருந்து ஒரு பொட்டுப் பனி விழவில்லை. விழுந்து கிடந்ததைத்தான் காற்று எடுத்து எறிந்தது. குதிர்கள் முதலில் போயின. ஒரு மணிக்கு ரோடு. இப்போது தபால் பெட்டியைத் தேடினாள், அதுவும் இல்லை. கம்பம் மட்டும் நின்றது, அதில் தொங்குகிற ஒயர் கிடைமட்டமாக ஆடிக்கொண்டு. மைனஸ் இருபத்தெட்டு என்கிறான் ரேடியோவில், காற்றோடு சேர்த்தால் நாற்பத்தொன்று. காற்றோடு சேர்க்காமல் எவன் இங்கே வெளியில் நிற்கிறான்?

இதற்குப் பெயர் ரூரல் முனிசிபாலிட்டி. வேலைக் கடிதம் வந்த அன்றைக்கு அவர் அதை ‘ஊராட்சி’ என்று தமிழ்ப்படுத்திச் சொல்ல, அவளும் ஒரு கடைத்தெரு, நாலு பஸ், ஒரு பூக்காரி என்று மனசுக்குள் வரைந்துகொண்டாள். வந்து பார்த்தால் ஊரும் இல்லை, ஆட்சியும் இல்லை. எண்ணூற்று நாற்பது சதுர கிலோமீட்டர் கோதுமைத் தாளும் பனியும். அதில் இருநூற்று எண்பத்தொரு தலை. இவர்கள் வந்து இறங்கியதும் அலுவலகத்துப் பெண் இருநூற்று எண்பத்து மூன்று என்று திருத்திவிட்டுக் கை தட்டினாள். மகள் படிக்க வந்த தேசம் என்று பின்னாலேயே வந்தார்கள். மகள் படிப்பை முடித்து டொராண்டோவுக்குப் போய்விட்டாள், இவர்கள் இங்கேயே தங்கிப்போனார்கள். திருச்சியில் குடிநீர் வாரியத்தில் இருந்த மனிதருக்கு இங்கேயும் தண்ணீர் வேலைதான். மூன்று பம்ப் ஹவுஸ், ஒரு வெள்ளை வண்டி, குளோரின் பார்க்கிற சின்னச் சின்னக் குப்பிகள். “ஆளுக்கு மூணு சதுர கிலோமீட்டர் வருது மணி, உனக்கு மூணு, எனக்கு மூணு” என்று முதல் வாரம் குழந்தை மாதிரி குதித்தார். “ஆமா, புதைக்கறதுக்கு இடப் பஞ்சமே இருக்காது” என்றாள். சொன்னாளா? சொன்னாள். அவர்கூடச் சிரித்தார். சிரித்தாரா, கனைத்தாரா? அந்தச் சிரிப்பை இப்போது திரும்பக் கேட்டுப் பார்க்க முயன்றாள். காதுக்குள் காற்றுதான் கேட்டது. இருநூற்று எண்பத்து இரண்டு என்று அந்தப் பெண் மறுபடியும் திருத்துவாளாயிருக்கும். அப்போதும் கை தட்டுவாளா? சீ. வாயை மூடு. வாயை மூடினாலும் உள்ளே ஒரு வாய்.

எல்லாம் நேற்றைய விருந்தில் வந்த வினை. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ஹாலில் ஆளுக்கொரு பாத்திரம் கொண்டுபோய் வைத்துப் பகிர்ந்து தின்கிற விருந்து. அவள் கொண்டுபோன எலுமிச்சைச் சாதத்தை ஒரு கிழவர் சாலட் என்று நினைத்து ஒரு கரண்டி போட்டுக்கொண்டு, கறிவேப்பிலையை ஒவ்வொன்றாகப் பொறுக்கித் தட்டோரம் அடுக்கினார். அது கிடக்கட்டும். கிளம்பும்போது அவர் வழக்கம்போல வாசலில் நின்று, குல்லாவை மாட்டிக்கொண்டு, மொத்த ஹாலுக்கும் கை தூக்கி, “ஓகே எவ்ரிபடி, ஐ வில் கோ அண்ட் கம்” என்றார். போயிட்டு வரேன் என்பதைச் சொல்லுக்குச் சொல் இழுத்து வந்து வைத்திருக்கிற இங்கிலீஷ். எல்லாரும் சிரித்தார்கள், அதைக் கேட்கவே காத்திருந்த மாதிரி, பிரியமாகத்தான். பக்கத்து வீட்டு டேல், பக்கத்து வீடு என்றால் ஐந்து கிலோமீட்டர், “நேதன், எப்ப போவீங்க, எப்ப வருவீங்க, சொல்லிட்டுப் போங்க” என்று கத்தினான்; சிதம்பரநாதன் இந்த ஊர் வாயில் நேதன். அங்கே சும்மா இருந்திருக்கலாம். சிரித்துவிட்டுச் செருப்பை, பூட்ஸை மாட்டியிருக்கலாம். “முப்பது வருஷமா இவருக்குச் சொல்லிக் கொடுக்கிறேன். ஒருத்தர் போகலாம், அல்லது வரலாம். ரெண்டையும் ஒரே நேரத்துல செய்ய முடியாது.” சுத்தமான இங்கிலீஷில், ஒரு இலக்கணப் பிழை இல்லாமல், ஹால் முழுக்கக் கேட்கிற மாதிரி. அவளுடைய குரல்கூட இல்லை அது. சிஸ்டர் ஒத்தீலியாவின் குரல். கான்வென்டில் எட்டாம் வகுப்பில், கோ அண்ட் கம் என்று சொன்ன பெண்ணை பெஞ்சின் மேல் ஏற்றிவிட்டு, “போ. போய்க்கொண்டே வா பார்க்கலாம்” என்பாள் சிஸ்டர். அந்தப் பெண் பெஞ்சின் மேல் ரெண்டு அடி வைத்துவிட்டு அழும். வகுப்பே சிரிக்கும். மனோன்மணி எல்லாரையும்விடச் சத்தமாகச் சிரிப்பாள், ஏனென்றால் முந்தின வாரம் பெஞ்சின் மேல் நின்றவள் அவள்தான். ஹாலில் யாரும் சிரிக்கவில்லை. டேல் தன் காபிக் கோப்பைக்குள் பார்த்தான். அவன் பெண்டாட்டி மார்லீன் திடீரென்று மேஜை விரிப்பை மடிக்கத் தொடங்கினாள். வண்டியில் வீடு வருகிறவரை அவர் ரோட்டை மட்டும் பார்த்து ஓட்டினார். ‘டெல் மீ’ விவகாரத்தில்கூட இப்படி இருந்ததில்லை. யார் போன் செய்தாலும் எடுத்து ‘சொல்லுங்க’ என்கிற நினைப்பில் ‘டெல் மீ’ என்பார்; வெள்ளைக்காரன் மிரண்டு போவான், ஏதோ போலீஸ் விசாரணை என்று. அதையும் அவள்தான் மாற்றினாள். ‘இஸ்கூலை’ மாற்றினாள். ‘ஆப்பீஸை’ மாற்றினாள். ஒரு மனுஷன் வாயில் இருந்த ஒவ்வொன்றையும் எடுத்துத் துடைத்துத் துடைத்து வைத்தாள். இன்று காலை கதவருகில் நின்று பூட்ஸ் கயிற்றைக் கட்டி நிமிர்ந்தவர், “போறேன்” என்றார். போயிட்டு வரேன் இல்லை. போறேன். அவள் காது உடனே பிடித்துக்கொண்டது, பல்லில் கல் அகப்படுகிற மாதிரி. பிழை திருத்துகிறவள் அந்த ஒரு பிழையைத் திருத்தியிருக்கலாம். “போங்க” என்றாள்.

ரெண்டு மணிக்கு அவர் செல்போனுக்கு அடித்தாள். மணி அடித்தது, அடித்தது, ஆறு தரம். மெஷின் எடுக்கப் போகிறதென்று தெரிந்ததும் வைத்துவிட்டாள். அதில் என்ன இருக்கிறதென்று அவளுக்குத் தெரியும். அது அவளுக்கு வேண்டாம். முனிசிபாலிட்டி அலுவலகத்துக்கு அடித்தாள். வானிலை காரணமாக மூடியிருக்கிறோம் என்றது இன்னொரு மெஷின். ரெண்டு பத்துக்கு மார்லீனுக்கு அடித்தாள். அடிப்பதற்கு முன்னால் ஹால் நிலைக்கண்ணாடியில் முகத்தைப் பார்த்துத் தலைமயிரை ஒதுக்கிக்கொண்டாள், போனில் தெரிகிற மாதிரி. பதறக் கூடாது. பதறினால் இவர்களுக்கு ஒரு கதை. வார்த்தைகளைப் பொறுக்கி, காலத்தைச் சரி பார்த்து, “மை ஹஸ்பண்ட் ஹாஸ் லெஃப்ட், மார்லீன். காலை ஒன்பதரைக்கு. எங்களுக்குள் கொஞ்சம் வார்த்தை தடித்தது. இன்னும் அவர் வரவில்லை” என்றாள். “ஓ, ஹனி” என்றாள் மார்லீன். அப்படி ஒரு ‘ஓ, ஹனி’யை அவள் இந்த நாட்டில் கேட்டதில்லை, நெஞ்சு இளகிவிட்டது. நேற்று அவர் முகத்தைப் பார்த்தபோதே எனக்குத் தோன்றியது என்றாள் மார்லீன். ஆமாம் ஆமாம் என்றாள் இவள். டேல்கூட ஒரு தரம் இப்படித்தான், தொண்ணூற்று ஏழில், நானும் செத்தேன் என்றுதான் நினைத்தேன், மூன்றாம் நாள் வந்து நிற்கிறான் வாசலில், என்றாள். தெரியும் தெரியும் என்றாள் இவள், ஒன்றும் தெரியாமல். நீ கொஞ்சம் இடம் கொடு, நாளைக்கு வேண்டுமானால் டேலை விட்டுப் பேசச் சொல்கிறேன், இன்றைக்கு வேண்டாம், என்று மார்லீன் மேற்கொண்டு எதையோ ஆரம்பிக்க, “சரி சரி, புரிகிறது, தாங்க்யூ” என்று இவள் வைத்துவிட்டாள். மூன்றாம் நாள்! மூன்று நாள் பனியில் கிடந்து ஒருத்தன் உயிரோடு வந்து வாசலில் நின்றிருக்கிறான், இது என்ன ஐந்து மணி நேரம். அப்பளம் நாலு பொரித்து டப்பாவில் போட்டாள். வந்ததும் நமத்துப்போச்சு என்பார். சொல்லட்டும். பாதாள அறைக்குப் போய் உலர்த்தியில் கிடந்த துணியை எடுத்தாள். அடியில் கம்பளி. பச்சைக் கட்டம் போட்ட கம்பளி. போன வாரம் வண்டியிலிருந்து அவள்தான் எடுத்து வந்தாள், டீசல் நாற்றம் தாங்காமல், ரெண்டு தரம் சோப்புப் போட்டுத் துவைக்க. குளிர்காலத்தில் வண்டிக்குள் கம்பளி இல்லாமல் யாரும் ரோட்டில் ஏறக் கூடாது என்று இந்த ஊரில் பாலகனுக்குக்கூடச் சொல்லித்தருகிறார்கள். கம்பளி நன்றாக வெளுத்திருந்தது. இளஞ்சூடாக இருந்தது. லாவண்டர் வாசனை அடித்தது. அதைக் கையில் வைத்துக்கொண்டு படியில் உட்கார்ந்தாள்.

உட்கார்ந்த இடத்தில்தான் அது பிடிபட்டது. இடம் கொடு. டேலை விட்டுப் பேசச் சொல்கிறேன். பேசுவதற்கு என்ன இருக்கிறது? பனியில் மாட்டிக்கொண்டவனிடம் எவனாவது நாளைக்குப் போய்ப் பேசுவானா? தொண்ணூற்று ஏழில் டேல் எங்கே இருந்தான் மூன்று நாள்? நானும் செத்தேன் என்றுதான் நினைத்தேன் என்றாளே, அவன் செத்தான் என்றா சொன்னாள்? இல்லை. நான் செத்தேன் என்றாள். பெண்டாட்டியோடு சண்டை போட்டுக்கொண்டு அண்ணன் வீட்டில் போய்ப் படுத்திருந்தவனைப் பற்றித்தானே அப்படிச் சொல்வாள். ஹாஸ் லெஃப்ட். கிளம்பினார் என்று இவள் சொன்னாள். விட்டுவிட்டுப் போய்விட்டார் என்று அவள் கேட்டாள். சிஸ்டர் ஒத்தீலியா இருந்தால் அந்த வாக்கியத்துக்குப் பத்துக்குப் பத்து போட்டிருப்பாள். “மை ஹஸ்பண்ட் நாட் கம்மிங், ஸ்நோ, ப்ளீஸ் ஹெல்ப்” என்று அவர் மாதிரி உடைத்துப் பேசியிருந்தால் அந்த நிமிஷமே டேல் டிராக்டர் சாவியைத் தேடியிருப்பான். மூன்றே கால். ஒரு மணி நேரம் ஐந்து நிமிஷம் அப்பளம் பொரித்தாள். கம்பளியோடு படியேறி ஓடிப் போனை எடுத்தால் மார்லீனின் லைன் பிஸி. வேறென்ன, ஊருக்கே சொல்லிக்கொண்டிருக்கிறாள்: அந்த நேதன் அவளை விட்டுப் போய்விட்டானாம், நேற்று ஹாலில் பார்த்தாயே. இருநூற்று எண்பத்தொரு பேருக்கும் தெரிந்திருக்கும். நல்ல முடிவு என்று பாதிப் பேர் சொல்லியிருப்பார்கள். யாராவது ரோட்டோரம் வெள்ளை வண்டியைப் பார்த்தால்கூட, பாவம், தனியாக இருக்க விடு என்று ஒதுங்கிப் போவார்கள். பிஸி. பிஸி. ஜன்னலில் கட்டைக் கம்பம் இருக்கிறதா? இருக்கிறது. இல்லை, அது ஜன்னல் சட்டத்தின் நிழல். நாலாவது தரம் மணி அடித்தது. “மார்லீன், பனி. அவர் வேலைக்குப் போனார். சண்டை இல்லை. சண்டைதான், ஆனா அதுக்காகப் போகலை. வேலைக்கு. வடக்கு பம்ப் ஹவுஸ். வரலை.” இலக்கணம் எங்கோ விழுந்து உடைந்தது, முதல் தடவையாக மார்லீனுக்கு அவள் பேசியது முழுசாகப் புரிந்தது. அந்தப் பக்கம் “டேல்!” என்று ஒரு அலறல்.

டேல் நிதானமாகப் பேசினான். கோபிக்கக்கூட இல்லை, அதுதான் பயமாக இருந்தது. போலீஸுக்கு நான் சொல்கிறேன், அவர்கள் தொண்ணூறு கிலோமீட்டர் தள்ளி இருக்கிறார்கள், நெடுஞ்சாலையை மூடியாகிவிட்டது, பனி தள்ளுகிற வண்டிகளையும் திருப்பி அழைத்துக்கொண்டார்கள். என் டிராக்டர் போகும். ஆனால் வெளிச்சம் இன்னும் ஒன்றரை மணி நேரம்தான். மெயின் ரோட்டை விட்டால் வடக்கு பம்ப் ஹவுஸுக்கு ரெண்டு வழி. ஒன்று பழைய ஸ்கூல் இருந்த இடத்தைச் சுற்றி. இன்னொன்று பழைய சர்ச் பக்கமாக, அந்த உக்ரேனியக்காரர்கள் கட்டின குமிழ் கோபுரம். ரெண்டும் ஒன்றுக்கொன்று பதின்மூன்று கிலோமீட்டர். இருட்டுவதற்குள் ஒரு வழிதான் என்னால் பார்க்க முடியும். எந்த வழியாகப் போகிறேன் என்று சொன்னார்? எந்த வழி. தினமும் ராத்திரிச் சாப்பாட்டில் அவர் சொல்வது வேறென்ன? இன்றைக்கு இந்த ரோடு, இத்தனை மைல், அங்கே ஒரு நரி, இங்கே ஒரு உடைந்த பாலம். கணக்கு நோட்டுக் கட்டம் மாதிரி மைலுக்கு ஒன்றாக வெட்டிப் போட்ட ரோடுகளை அவர் ரசத்தில் விரல் தொட்டு மேஜையில் வரைந்து காட்டுவார். மேஜையைத் துடைத்துக்கொண்டே அவள் சொல்வாள், “எனக்கு எதுக்குங்க ரோடு? நான் எங்க போகப் போறேன்?” ரோடுகளெல்லாம் துணியோடு போய்விடும். தெரியாது என்று சொல்லியிருக்க வேண்டும். டேல், எனக்குத் தெரியாது. மூன்று சொல். அது அவள் வாயில் வந்ததே இல்லை. கேள்வி கேட்டால் எழுந்து நிற்க வேண்டும். நின்றால் விடை சொல்ல வேண்டும். வெறும் தாளாக எந்தப் பெண்ணும் என் வகுப்பில் கொடுக்கக் கூடாது, என்பாள் சிஸ்டர். “ஸ்கூல் ரோடு” என்றாள், தெள்ளத் தெளிவாக. “நிச்சயமா?” “நிச்சயமா.” “சரி” என்றான். போன் வைக்கப்பட்டது.

வைத்த பிறகுதான் கேள்வி வந்தது. ஏன் ஸ்கூல் என்றோம்? ஸ் என்று கேட்டது. காலையில் அவர் சொன்னது, நான் அந்தப் பழைய ஸ். ஸ் கேட்டதா, இல்லையா? கேட்டது. சட்னியைப் பிடித்துக்கொண்டதே அந்த ‘ஸ்’ஸில் தொங்கித்தானே. ஸ்கூல். நிச்சயம். ஆனால் சர்ச்சுக்கும் அதேதான். அவர் வாயில் அது ஸர்ச். திருச்சியில் பிறந்து வளர்ந்த எந்த நாக்கும் அதை ‘ச்சர்ச்’ என்று கடித்துச் சொல்லாது, ஸர்ச்சு என்றுதான் வழுக்கும். அதை இன்னும் அவள் திருத்தவில்லை. ஊரில் சர்ச் பற்றிப் பேச வேண்டிய அவசியம் வரவில்லை. ஆனால் ஸ்கூலைத் திருத்தியாகிவிட்டது. அதுதான். அங்கேதான் நெஞ்சு சிக்கியது, முள்ளில் சேலை மாதிரி, இழுக்க இழுக்கக் கிழிந்தது. கல்யாணமான நாளிலிருந்து அவருக்கு அது இஸ்கூல். நான் படிச்ச இஸ்கூல். பாப்பாவை இஸ்கூல்ல விட்டுட்டு வரேன். இ இல்லாமல் அவருக்கு ஸ் வராது. படியில் கால் வைக்காமல் வாசலேறத் தெரியாது அந்த நாக்குக்கு. இங்கே வந்த முதல் குளிர்காலத்தில், வெளியே போக வழியில்லாத ஒரு மாசம் முழுக்க, அவரை எதிரில் உட்கார வைத்து அவள் அந்த ‘இ’யைப் பிடுங்கினாள். “இ இல்லை. ஸ். பாம்பு மாதிரி. ஸ்ஸ்.” ஸ்கூல், ஸ்டேஷன், ஸ்நோ. அவர் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார், உதட்டைக் குவித்தார், எச்சில் தெறித்தது, கடைசியில் வந்துவிட்டது. பெருமையாக இருந்தது இரண்டு பேருக்கும். அந்த இ இருந்திருந்தால். காலையில் பழைய இ— என்று கேட்டிருந்தால் ஸ்கூல். பழைய ஸ— என்றால் சர்ச். குறுக்கே விழுந்து எவ்வளவு சீக்கிரம் வெட்டினாலும் ஒற்றை எழுத்தில் தெரிந்திருக்கும், நாய்க்குக்கூடத் தெரிந்திருக்கும். இப்போது ரெண்டும் ஸ். ரெண்டுக்கும் நடுவில் பதின்மூன்று கிலோமீட்டர். பழைய ஸ். உதடு எப்படி இருந்தது? குவிந்ததா? ஸ்கூலுக்குக் குவியும், சர்ச்சுக்குத் திறக்கும். அவள் உதட்டைப் பார்க்கவில்லை. தோசையின் ஓரம் கருகியதைப் பார்த்தாள். பழைய ஸ். பழைய ஸ். சொல்லச் சொல்லச் சொல்லும் கரைந்து வெறும் காற்றாகி, வெளியே அடிக்கிற காற்றுக்கும் அதற்கும் வித்தியாசம் தெரியாமல் போயிற்று.

மறுபடி மார்லீனுக்கு அடித்தாள். டேல் கிளம்பி இருபது நிமிஷம் ஆகிறது என்றாள் மார்லீன். கையில் போன் இருக்கிறது, ஆனால் அந்த ஸ்கூல் இருக்கிற பள்ளத்துக்குள் இறங்கினால் சிக்னல் எடுக்காது, இப்போதே எடுக்கவில்லை. “ஏன், வேற ஏதாவது ஞாபகம் வந்துச்சா?” நிச்சயமில்லை என்று சொல்ல வாயெடுத்தாள். “கவலைப்படாதே மனோ” என்றாள் மார்லீன், “நல்லவேளை நீ வழியைக் கேட்டு வெச்சிருந்தே. நானா இருந்தா காதுலயே வாங்கியிருக்க மாட்டேன். நீ எப்பவும் எல்லாத்துலயும் அவ்வளவு கரெக்ட்.” அதில் குத்தல் ஒரு துளி இல்லை. இருந்திருந்தால் பதிலுக்கு ஏதாவது வந்திருக்கும். நாலரை. ஜன்னல் வெள்ளையிலிருந்து சாம்பலுக்கு மாறியது. டிராக்டர் இப்போது அந்த இடிந்த ஸ்கூலைச் சுற்றிக்கொண்டிருக்கும். விளக்கை இடமும் வலமும் திருப்பித் திருப்பி. அங்கே வெள்ளை வண்டி இருக்கும். இருந்தால் அவர் டேலைப் பார்த்து என்ன சொல்வார்? அல்லது குமிழ் கோபுரத்தடியில், என்ஜின் நின்று, கண்ணாடியெல்லாம் உள்பக்கம் உறைந்து, கம்பளி இருந்த இடத்தில் கையை வைத்துத் தேடி, அட, இவ துவைக்க எடுத்துட்டாளே என்று, கனைத்து, மூக்குக்கண்ணாடியைக் கழற்றி. யாரும் குறுக்கே பேசாத இடம். பேச வேண்டியதையெல்லாம் முதலிலிருந்து கடைசிவரை பேசி முடிக்கலாம். கம்பளியை மடியில் போட்டுக்கொண்டு போனடியில் தரையில் உட்கார்ந்து, அவர் நம்பரை அழுத்தினாள். ஒன்று, ரெண்டு, மூன்று. எடுங்க. ஐந்து. ஆறு. இந்த முறை வைக்கவில்லை. “யூ ஹாவ் ரீச்ட் மிஸ்டர் சிதம்பரநாதன். ஹி இஸ் நாட் அவைலபிள் அட் தி மொமன்ட்” என்றது அவளுடைய குரல். அழுத்தம் திருத்தமான, சுத்தமான, கான்வென்ட் குரல். போன் வாங்கின அன்றைக்கு அவர்தான் பதிவு செய்ய ஆரம்பித்தார், “ஹலோ, டெல் மீ” என்று. கையிலிருந்து பிடுங்கி அவள் பேசி முடித்தாள். அவர் போனில்கூட அவர் குரல் இல்லை. எங்கே தேடினாலும் இல்லை. வீட்டில் ஒரு நாடாவில், ஒரு மெஷினில், அவர் ஒரு வாக்கியம் முழுசாகப் பேசியது எங்கேயும் இல்லை. பீப் என்றது. கம்பளியின் ஓரத்தைக் கசக்கினாள். ஒரு தரம் கனைத்தாள், அவரைப் போலவே. “ஏங்க” என்றாள். “காலையில அந்தப் பழையன்னு ஏதோ ஆரம்பிச்சீங்களே.” மெஷின் ஓடிக்கொண்டிருந்தது. அவள் வாயைப் பொத்திக்கொண்டு காத்திருந்தாள், எண்ணி முழுசாகப் பத்து மூச்சு, நடுவில் ஒரு சொல் வைக்காமல். பிறகு கையை எடுத்தாள்.

“சொல்லுங்க.”